முகாயின் தோள்

செப்டம்பர் 28
இன்றும் பேஸ்பால் ஆட்டத்தின் கடைசியான ஒன்பதாவது இன்னிங்ஸ் வரை மைதான ஓரத்தில் நின்று கையைச் சூடாக்கிக்கொண்டிருந்தேன். பந்து வீசக் கூப்பிடவில்லை. முப்பத்து நான்கு வயது பிட்சரை யார் கூப்பிடுவார்கள்? முகாய் மட்டும் சோற்று உருண்டையை மென்றபடி, "விடுடா டோகாஷி, நாளைக்குக் கூப்பிடுவாங்க" என்றான். பதினாறு வருஷமாக ஒரே அணியில் பந்து வீசுகிறோம். அதில் ஆறு வருஷம் விடுதியில் ஒரே அறை.

அக்டோபர் 2
காலையிலிருந்து போனையே பார்த்துக்கொண்டிருக்கிறேன். அக்டோபர் முதல் வாரத்தில் அணி அலுவலகத்திலிருந்து போன் வந்தால் எதற்கென்று ஜப்பானில் பந்து வீசுகிற அத்தனை பேருக்கும் தெரியும். என் மனைவி சயோ பாத்திரத்தைக்கூடச் சத்தமில்லாமல் கழுவுகிறாள்.

அக்டோபர் 3
வந்தது. "நாளைக்குப் பத்து மணிக்குக் கோட்டு போட்டுக்கிட்டு வந்துடுங்க."

அக்டோபர் 4
பதினாறு வருஷத்தை ஐந்து நிமிஷத்தில் முடித்துவிட்டார்கள். இனி வீச வேண்டாம், இரண்டாம் அணிக்குக் கோச்சாக இருங்கள் என்றார்கள். அப்போதும் குனிந்து வணங்கி "நன்றி" என்றேன். என்ன மனுஷன் நான்?
"இனிமே தோள் வலிக்குதுன்னு புலம்ப வேண்டாம்ல" என்றாள் சயோ. எனக்கு அந்த வலியே தேவலை.

பிப்ரவரி 9, ஒகினாவா பயிற்சி முகாம்
முகாயையும் இரண்டாம் அணிக்குத் தள்ளிவிட்டார்கள். எல்லார் முன்னாலும் விறைப்பாக நின்று, "கோச் ஐயா, எத்தனை சுத்து ஓடணும்?" என்று நக்கல்.
"நாப்பது ஓடு. வாய் குறையும்."
நான் சிரித்து எத்தனை மாசம் ஆகிறது.

ஜூலை 17
மழை. பயிற்சி இல்லை. முகாயும் நானும் ராமென் கடைக்குப் போனோம். அவன் நூடுல்ஸை இடது கையால் தடுமாறித் தடுமாறி எடுத்தான். என்னடா என்றேன்.
"நேத்து வீசினேன்ல. வீசின மறுநாள் வலது கையத் தூக்க முடியல. ஏப்ரல்லேர்ந்து மாத்திரையப் போட்டுத்தான் ஓட்டறேன்."
"டாக்டர்கிட்ட சொன்னியா?"
"சொன்னா அன்னைக்கே வீட்டுக்கு அனுப்பிடுவாங்க. இன்னும் ஒரே ஒரு வருஷம் வீசிட்டா போதும்டா. உன்கிட்டங்கறதால சொல்றேன்."

செப்டம்பர் 20
ஆண்டறிக்கை. ஒவ்வொரு பிட்சருக்கும் ஒரு தாள். கடைசிக் கேள்வி: அடுத்த வருஷம் இவரால் வீச முடியுமா? முடியும், முடியாது — இரண்டே கட்டம்.
முகாயின் தாள் மூன்று நாளாக மேஜையில் கிடக்கிறது. அவன் நண்பனிடம் சொன்னானா, கோச்சிடம் சொன்னானா? அந்த ராமென் கடையில் கோச் எங்கே இருந்தான்?

செப்டம்பர் 21
எழுதிக் கொடுத்துவிட்டேன். முடியாது என்று. காரணம்: தோள்.
அவன் கை ஒரேயடியாகப் பாழாகிவிடக் கூடாது, அதனால்தான் என்று சயோவிடம் சொன்னேன். அது பாதி உண்மை. மறைத்தது தெரிந்தால் என் வேலையும் போகும். மீதி அதுதான்.

அக்டோபர் 2
முகாயை அணி அலுவலகத்துக்குக் கூப்பிட்டுவிட்டார்களாம்.

அக்டோபர் 5
மைதானத்துக்கு வந்தான். விலகுகிறவர்கள் ஒருவர் விடாமல் எல்லாரிடமும் வணங்கிச் சொல்லிக்கொண்டு போவதுதான் வழக்கம். புல் வெட்டுகிறவரிடம்கூடப் போய் வணங்கினான். கடைசியாக என்னிடம்.
"முகாய், அந்த அறிக்கையில நான்தான்..."
"தெரியும்டா. ஆபீஸ்ல மேஜை மேலேயே அதை வச்சிருந்தாங்க. உன் கோழிக்கிறுக்கல் எனக்குத் தெரியாதா? உன் இடத்துல நான் இருந்திருந்தாலும் அதத்தான் எழுதியிருப்பேன். மனசுல வச்சுக்காத."
எழுதியிருக்க மாட்டான். அது எனக்கும் தெரியும், அவனுக்கும் தெரியும்.