லேபிள்ல இருந்த டாக்டர்

காக்ஸ்வில்
டிசம்பர் 3, 1884

அன்பு மகன் ஆம்ப்ரோஸுக்கு அம்மா எழுதறது. நான் நல்லா இருக்கேன், இருமல்கூட விட்டுடுச்சு, நீ அந்த மரம் வெட்டற காட்டுல கை கால் முழுசா இருக்கியான்னு மொதல்ல எழுது. உன் கடுதாசி வந்துச்சு. ஆரிகன் பேப்பர்லகூட எங்க முதலாளியப் பத்திப் போட்டிருக்கான், அந்த எத்தன்கிட்ட இன்னும் ஏம்மா லேபிள் ஒட்டறேன்னு கேட்டிருக்கே. நான் பதினாறுல ஸ்கூல விட்டு ஓடினவ, பதினேழுல உன்னப் பெத்தவ, சுத்தி வளைச்சு எழுதத் தெரியாது. நடந்தத சொல்றேன், அப்புறம் நீ திட்டு.

எங்க முதலாளி பிக்ஃபோர்டு செருப்புத் தைக்கறவர் மகன், வண்டியில பாத்திரம் வித்தவர். பொண்டாட்டி துணி வேகவெக்கற அண்டாவுலதான் மொத டானிக்கைக் காய்ச்சினார், வேர் கொஞ்சம், வெல்லப்பாகு கொஞ்சம், மீதி சாராயம். லேபிள்ல அவர் படத்துக்குக் கீழ, பேருக்கு முன்னாடி டாக்டர்னு போடச் சொன்னது நான்தான், செருப்புக்காரன் மருந்தை எவன் வாங்குவான்னு கேட்டேன், ஒரு வாரம் முழிச்சுட்டுப் போட்டார். அப்புறம் நாப்பது பொம்பளைங்க பொழைக்கற கம்பெனி ஆச்சு. ரெண்டு வருஷம் முன்ன ஆத்துத் தண்ணிக் காய்ச்சல்ல அவரோட ரெண்டு பிள்ளைங்களும் ஒரே வாரத்துல போச்சு. ஊர்க் கழிவு, தோல் ஆலைக் கழிவு எல்லாம் அந்த ஆத்துலதான், நாங்க குடிக்கறதும் அதைத்தான். மலை ஊத்துலேர்ந்து குழாய் போட மாகாண சபை ஒத்துக்கணும், அங்க பத்து வருஷமா ஆலைக்காரங்க ஆளுதான் உக்காந்திருக்கான். அவனைத் தள்ளத்தான் இவர் தேர்தல்ல நின்னார்.

நம்ம ஊர் ஓட்டு உனக்குத் தெரியும், கட்சி அச்சடிச்சுத் தர்ற சீட்டுல பிடிக்காத பேரு மேல வேற பேரு ஒட்டிப் போடறது. அப்படி ஒட்டறதுக்கு இவர் பேரு அச்சடிச்ச துண்டெல்லாம் மலைப் பக்கம் போறப்போ வண்டியோட ஓடையில கவுந்துடுச்சு. மலைக்காரங்க என்ன பண்ணாங்க தெரியுமா, வீட்டு டானிக் பாட்டில ஊறப்போட்டு லேபிள உரிச்சு அதையே சீட்டுல ஒட்டிட்டாங்க. ஏன்யா இப்படின்னு கிழவன் ஹைரமைக் கேட்டா, "பேரு இருக்கு, மூஞ்சி இருக்கு, வேற என்ன, கல்யாணப் பத்திரிகையா வெக்கணும்"ங்கறான். எண்பத்தாறு சீட்டு. சேத்தா இவர் ஜெயிப்பார், தள்ளினா தோத்துடுவார். அதெல்லாம் செல்லாதுன்னு ஆலைக்காரங்க கோர்ட்டுக்குப் போயிட்டாங்க.

விசாரணைக்கு முந்தின நாள் ஆலை வக்கீல் வந்து, நீங்களா விலகிக்கோங்க, யாரும் ஒண்ணும் கேக்க மாட்டோம், உங்க யாவாரம் உங்களுக்கு, இல்லன்னா டாக்டரா இல்லையான்னு பைபிள் மேல கை வெச்சுச் சொல்லணும்னான். இவர் நேரா எங்க லேபிள் ரூமுக்கு வந்தார். "லுவெல்லா, நிஜத்தச் சொன்னா உங்க எல்லார் பொழப்புலயும் மண்ணு"ன்னார். "சொல்லுங்க முதலாளி, வேலை தேடறது எனக்கொண்ணும் புதுசில்ல"ன்னேன்.

மறுநாள் கோர்ட்டுல வக்கீல் லேபிள நீட்டி இந்த டாக்டர் யாருன்னான். "மூஞ்சி என்னுது, பேரு என்னுது. நான் டாக்டர் இல்ல, எந்தக் காலேஜ் வாசலையும் மிதிச்சதில்ல"ன்னார். அப்போ இது எதைக் குணமாக்கும்னான். "தாகத்தை"ன்னார். சனம் சிரிச்சுச்சு, அவர் சிரிக்கல. "என் பசங்களுக்கு இதைத்தான் ஸ்பூன் ஸ்பூனா ஊட்டினேன். அன்னிக்கே தெரிஞ்சுபோச்சு. தெரிஞ்சும் ரெண்டு வருஷம் வித்தேன்"னு சொல்லி உக்காந்துட்டார். ஆள் யாருங்கறதுல சந்தேகமில்லன்னு ஜட்ஜு எண்பத்தாறையும் சேத்துட்டார்.

ஜெயிச்சுட்டார்டா. கடைக்காரங்க பெட்டி பெட்டியா டானிக்கைத் திருப்பி அனுப்பறாங்க. இருபது பேர நிறுத்தணும், நீயே எழுதுன்னு எங்கிட்ட பேப்பரக் குடுத்தார். மொதப் பேரா என் பேர எழுதினேன். அவர் அதைக் கோடு போட்டு அடிச்சார். நான் திரும்ப எழுதினேன். உன் கேள்விக்கு இதான் பதில், திங்கக்கிழமையிலேர்ந்து நான் அங்க லேபிள் ஒட்டல. எத்தன்னு உங்க பேப்பர் போட்டது சரிதான், ஆனா அவனுங்க கண்டுபிடிச்சதில்ல, அந்தாளே சொன்னது. ஜனவரியில சபை கூடுது, குழாய் வருமோ வராதோ.

தச்சுப் பட்டறையில கணக்குப் பாக்க ஆள் வேணுமாம், போய்ப் பாக்கறேன், கவலப்படாத. கடவுள் உன் கோடாலிக்கும் உன் காலுக்கும் நடுவுல எப்பவும் நிக்கட்டும். பார்சல்ல கம்பளி சாக்ஸ் மட்டும்தான் இருக்கும், இந்தத் தடவை பாட்டில் வெக்கல. தண்ணியக் கொதிக்க வெச்சுக் குடி ராசா.

உன் அம்மா
லுவெல்லா