எண்ணெய்க்கு அழுத ஒப்பாரி

மானி, தென் கிரேக்கம், 3 மார்ச் 2019

மெல்போவுக்கு,

உயிரோடிருக்கும் என் அண்ணனை உன் படத்தில் கொன்றுவிட்டாய்.

பஞ்சகாலத்தைப் பற்றி நீ அனுப்பிய கேமராக்காரனிடம் மூன்று மணி நேரம் சொன்னேன். நீ காட்டியது, அன்று சவப்பெட்டி முன் அண்ணன் பெயரைச் சொல்லி அழுத ஒப்பாரியை நான் பாடிக்காட்டியதை மட்டும். அந்தச் சவப்பெட்டிக்குள் இருந்தது எண்ணெய், பெண்ணே! போரில் ஊரைப் பிடித்த இத்தாலியச் சிப்பாய்கள் அதைப் பிடுங்க வந்தபோது, பெட்டியில் டின்களை அடுக்கி, அண்ணன் கிரியாகூலிஸ் செத்தான் என்று ஊரே அழுதது. பதின்மூன்று வயதில் நான் முன்னால் நின்று பாடினேன். சிப்பாய்கள் தொப்பியைக் கழற்றினார்கள். அண்ணன் பரணில் வாயைப் பொத்திக்கொண்டு கிடந்தான். இதைச் சொல்லி நான் சிரித்தேனே, அந்தச் சிரிப்பு எங்கே?

நேற்று உன் படத்தைப் பார்த்த பக்கத்து ஊர்க்காரி ஒருத்தி, இறந்தவர்களுக்குப் படைக்கும் சர்க்கரைக் கோதுமையோடு வந்தாள். கதவைத் திறந்தது அண்ணன்.

“யாருக்கும்மா இது?”

“சின்ன வயசுலயே போயிட்டாரே கிரியாகூலிஸ், அவருக்கு.”

“நான்தாம்மா அது. கொடு.”

தட்டைக் காலி செய்துவிட்டான். காப்பிக்கடையில், “மேல காப்பி எப்படிப்பா?” என்கிறார்கள். “இங்கத்ததவிட மோசமில்ல” என்கிறான்.

அவனுக்கு விளையாட்டு. எனக்கு இல்லை.

ஸ்தவ்ரியானி

ஏதென்ஸ், 11 மார்ச்

அன்புள்ள ஸ்தவ்ரியானி அம்மாவுக்கு,

உங்கள் பாட்டைக் கேட்டு அழுது, பதிவைப் பார்ப்பதை அங்கேயே நிறுத்திவிட்டேன். மிச்சத்தை நேற்றுத்தான் பார்த்தேன். விழுந்து விழுந்து சிரித்தேன். மன்னியுங்கள்.

ஆனால் அம்மா, பார்த்தவர்களெல்லாம் அந்த இடத்தில்தான் கலங்குகிறார்கள். சிரிப்பைச் சேர்த்தால் பஞ்சத்தில் செத்தவர்களை இலேசாக்கிவிடுமோ என்று என் கூட்டாளிகள் பயப்படுகிறார்கள்.

உங்கள் மெல்போ

மானி, 19 மார்ச்

மெல்போ,

அந்தக் குளிர்காலத்தில் எங்கள் தெருவில் இரண்டு குழந்தைகள் செத்தன. அவர்களுக்கு நான் பாடியது வேறு ஒப்பாரி. நீ கேட்கவே இல்லை. கேட்டால் பாடுவேன். இதையும் அதையும் கலக்காதே. அந்த எண்ணெய்தான் மற்றக் குழந்தைகளைக் காப்பாற்றியது. அதற்குச் சிரிக்காமல் வேறு எதற்குச் சிரிப்பது?

ஆகவே:

நீ என் சிரிப்பை முழுதாகச் சேர்க்க வேண்டும். அடியில் சோக வாத்தியம் கூடாது.

உன் கூட்டாளிகள் இங்கே வந்து, என் அடுப்படியில் உட்கார்ந்து, இரண்டு பாட்டையும் கேட்க வேண்டும். பொரித்த மாவுப் பலகாரத்துக்கு நான் பொறுப்பு.

பாதிரியார், யாரோ எழுதிக் கொடுத்த அண்ணன் பெயரை, தேவாலயத்தில் வாசிக்கும் இறந்தவர் பட்டியலிலிருந்து அடிக்க வேண்டும்.

திருத்திய படத்தை எங்கள் ஊர்ச் சதுக்கத்தில் முதலில் போட வேண்டும். நாற்காலி போடுவது காப்பிக்கடைக்காரர்கள்.

அதுவரை அண்ணன் சாகக் கூடாது. அவனிடம் சொல்லிவிட்டேன்.

ஸ்தவ்ரியானி