எட்டு என்று எழுதிய நோட்டு

உன் தராசை நேற்று அன்னவாசல் சந்தையில் பார்த்தேன். நாம் துணியில் தூளி கட்டிப் பச்சைப் பிள்ளைகளை மாட்டிய கொக்கியில் இப்போது புளி தொங்குகிறது. கிலோக் கணக்கு வந்த பிறகு நம் பிரசவ விடுதியில் அந்தப் பழைய ஸ்பிரிங் தராசைக் கழித்துவிட்டார்கள். எந்தெந்தக் கை மாறிப் புளிக்கடைக்கு வந்ததோ. கடைக்காரன் ராத்தல் எண்களின் மேல் காகிதம் ஒட்டிக் கிலோவுக்குக் கோடு போட்டிருக்கிறான். காகிதத்தின் ஓரத்தில் உன் சிவப்புக் கோடு மட்டும் நீட்டிக்கொண்டிருந்தது. அதைப் பார்த்ததும் எனக்கு அழுகை வரவில்லை, கோபம்தான் வந்தது. உன் மேலும் என் மேலும்.

அந்தக் கோட்டுக்குப் பெயிண்ட் கொண்டுவந்தவள் நான்தான். மாட்டுப் பொங்கலுக்கு எங்கள் வீட்டில் கொம்புக்குப் பூசியது போக மிஞ்சியதைச் சிரட்டையில் எடுத்து வந்தேன். நீ ஈர்க்குச்சியால் தொட்டு ஐந்தரை ராத்தலுக்கு நேரே இழுத்தாய். "முள்ளு இதைத் தாண்டுச்சுன்னா பெத்தவ கையில குடு. தாண்டலையா, பஞ்சுல சுத்திப் பாலாடையில பாலைப் புகட்டு. இம்புட்டுத்தான்டி நம்ம படிச்ச படிப்பு" என்றாய். ஒரே அறையில் தங்கி ஒரே அடுப்பில் சமைத்த இரண்டு நர்சுகளில் வாயாடி நீ, சிடுமூஞ்சி நான். ஊரே அப்படித்தான் சொன்னது.

வயிற்றுக்குள் ஒரு வாரம் கூடக் கிடந்தால் அந்த ஒரு வாரத்துக்குப் பிள்ளைக்கு எடையும் கூடும், மூச்சும் கூடும். ஏழில் பிறந்ததைவிட எட்டில் பிறந்தது தேறும். பச்சைப் பிள்ளைக்கும் புரிகிற விஷயம் இது. நம் சுற்றுப்பட்டு ஊர்களில் மட்டும் எல்லாம் தலைகீழ். ஏழு மாதப் பிள்ளை பிழைக்குமாம், எட்டு மாதப் பிள்ளை தங்காதாம். மூன்று ராத்தலில் பிறந்த ஏழு மாதப் பிள்ளை செத்தால் பெற்றவள் செய்த பாவம் என்பார்கள். எட்டு மாதப் பிள்ளை செத்தால், "எட்டாச்சே" என்று ஒரே வார்த்தையில் முடித்துவிடுவார்கள். அதற்கு ஏன் பால் புகட்டவில்லை, ஏன் தரையில் கிடத்தினீர்கள் என்று கேட்டால் நம்மைத்தான் பைத்தியம் போலப் பார்ப்பார்கள்.

நான் சண்டை போட்டேன். நீ பொய் சொன்னாய். உன் பொய்தான் பலித்தது.

கொடும்பாளூர்ப் பக்கத்திலிருந்து வண்டியில் வந்த பொன்னழகை நீ மறந்திருக்க மாட்டாய். பங்குனி வெயில், முதல் பிரசவம். ஆண் பிள்ளை. நாலே முக்கால் ராத்தல். முள் உன் கோட்டைத் தொடவில்லையே தவிர அவன் போட்ட சத்தத்தில் வாசலில் கிடந்த மாடு எழுந்து நின்றது. அவளுடைய மாமியார் விரலை மடக்கி எண்ணிக்கொண்டிருந்தாள். ஆடியில் கடைசியாகத் தீட்டுக் குளித்தவள், அப்படியென்றால் இது எட்டு. கிழவியின் முகம் இறுகியது.

நீ விடவில்லை. "என்னாத்தா கணக்குப் பாக்குறீக? ஆவணியிலயும் கொஞ்சம் பட்டுச்சுன்னு ஒங்க மருமக எங்கிட்டச் சொன்னாளே! அதைச் சேத்துக்கிட்டா ஏழுதான் நடக்குது. ஏழு மாசத்துப் புள்ள ஆத்தா, ராசா மாதிரி பொழைச்சுக்குவான்."

பொன்னழகு அப்படி எதுவும் உன்னிடம் சொல்லவில்லை. கட்டிலில் கிடந்தவள் உன் கையை இறுக்கிப் பிடித்துக்கொண்டு, "ஆமாத்தா, ஆவணியில பட்டுச்சு" என்றாள். கிழவி அந்த நிமிடமே ஆள் மாறிவிட்டாள். அவளே பஞ்சு பிய்த்தாள், அவளே பாலாடையை வெந்நீரில் கழுவினாள். மூன்றாம் நாள் வண்டி கட்டிக் கூட்டிப் போகும்போது பேரனைத் தன் மடியில்தான் வைத்துக்கொண்டாள்.

அன்று சாயங்காலம் நாம் போட்ட சண்டை நினைவிருக்கிறதா? பிறப்பு நோட்டில் நான் எட்டு என்று எழுதியிருந்தேன். "ஊருக்கு ஒண்ணு, நோட்டுக்கு ஒண்ணா? நாளைக்கு யாராச்சும் கேட்டா நான் என்ன சொல்றது?" என்று கத்தினேன். நீ சிரித்தாய். "நோட்டுல நெசத்தை எழுது. வாயில புள்ளைக்கு எது நல்லதோ அதைச் சொல்லு." அந்தச் சிரிப்பு எனக்குப் பிடிக்கவில்லை. படித்துப் பட்டம் வாங்கிய நான் பொய் சொல்லிப் பிழைப்பதா என்று இருந்தது. மறுநாள் நீ ஈஸ்டருக்கு நடக்கும் பாஸ்கா நாடகம் பார்க்க ஆவூருக்குக் கிளம்பிப் போனாய்.

நீ போன அன்றே கிழவி வந்தாள், பேரன் பிறந்த நேரத்தைக் கேட்க, சாதகம் எழுத. நான் நோட்டை எடுத்து நேரம் சொன்னேன். அவள் போகிற போக்கில், "மாசமும் அதுல இருக்குமா நர்சம்மா?" என்றாள். இருக்கும் என்றேன். "என்னன்னு இருக்கு?"

ஏழு என்று சொல்ல எத்தனை நேரம் ஆகும்? என் நாக்குக்கு என்ன கேடு வந்தது? "எட்டு" என்றேன். அதோடு நிறுத்தினேனா? "நான் பொய் எழுத மாட்டேன்" என்று வேறு சேர்த்துக்கொண்டேன். பிறகு எட்டு மாதப் பிள்ளைதான் நன்றாகத் தேறும் என்று படித்ததையெல்லாம் ஒப்பித்தேன். அவள் எதையும் காதில் வாங்கவில்லை. "அப்பச் சரி" என்று சொல்லிவிட்டுப் போனாள். அந்த "அப்பச் சரி" இன்றைக்கும் என் காதில் நிற்கிறது.

ஈஸ்டர் முடிந்து நீ வந்ததும் இருவருமாக அந்த ஊருக்குப் போனோம். வாசல்படியிலேயே மல்லிகை வாசம் அடித்தது. பால் வற்றுவதற்காகப் பொன்னழகின் மார்பில் மல்லிகையை வைத்துக் கட்டியிருந்தார்கள். பிள்ளை போய்ச் சேர்ந்த பிறகு தாய்க்குச் செய்கிற வேலை அது. ஆனால் பிள்ளை போகவில்லை. அடுத்த அறையில் பஞ்சைப் பிரித்துவிட்டு ஒரு முறத்தில் கிடத்தியிருந்தார்கள். தாய்க்கு ஆசை வைத்துவிடக் கூடாதாம். நேற்றிலிருந்து சர்க்கரைத் தண்ணீர்தான். நீ அவனை அள்ளி உன் ரவிக்கைக்குள் வைத்துச் சூடு கொடுத்தாய். உள்ளங்கால் வரை சில்லிட்டுப் போயிருந்தான். விடுதிக்குத் திரும்பும் வழியில், வண்டியில், உன் நெஞ்சிலேயே அடங்கிப் போனான்.

ஒரு வார்த்தை என்னைத் திட்டியிருக்கலாம். நீ திட்டவில்லை. கிழவி யாரிடம் கேட்டாள் என்று தெரிந்தும் நீ கேட்கவில்லை. அதற்காகவும் உன் மேல் எனக்குக் கோபம்.

அந்த வீட்டார் மேலே எழுதிப் போட்டார்கள். பிள்ளையைப் பட்டினி போட்டவர்கள் எழுதிய புகார், நர்சம்மா மாதத்தைப் பொய்யாகச் சொன்னாள் என்று. விசாரிக்க வந்த அதிகாரியம்மா என்னையும் கேட்டார்கள். எனக்கு ஒன்றும் தெரியாது என்றேன். உன்னை அறந்தாங்கிப் பக்கம் மாற்றினார்கள். டிரங்குப் பெட்டியை பஸ்ஸில் ஏற்றிவிட்டு, "வாரேன்டி, தராசைப் பத்திரமாப் பாத்துக்க" என்றாய். இரண்டு வருடம் நான் உனக்கு ஒரு கடிதம் போடவில்லை. போட நினைத்து எடுத்த தபால் அட்டை என் பெட்டியில் கிடந்தபோதே, நீ காய்ச்சலில் போய்விட்டாய் என்று உன் தம்பியிடமிருந்து அட்டை வந்தது.

பொன்னழகு அடுத்த பிரசவத்துக்கு என்னிடம் வரவில்லை. ஒருநாள் பஸ்ஸுக்கு நின்ற இடத்தில் என்னைப் பார்த்தாள். "நோட்டு நல்லா இருக்கா நர்சம்மா?" என்று கேட்டாள்.

அன்றிலிருந்து நானும் பொய்க்காரியாகிவிட்டேன். எட்டில் பிறந்த பிள்ளையையெல்லாம் ஏழு என்றேன். உன்னைப் போலவே ஆவணியையும் ஐப்பசியையும் இழுத்துப் பேசினேன். பஞ்சு சுற்றினார்கள், பாலாடை பிடித்தார்கள், பிள்ளைகள் பிழைத்தார்கள். நானும் பெரிய காரியம் செய்துவிட்டதாக நினைத்துக்கொண்டேன்.

நேற்று அந்தப் புளிக்கடையில்தான் எனக்கு விளங்கியது. செல்லம்மா என்று ஒருத்தி, ஆறு வயது மகனைக் கையில் பிடித்துக்கொண்டு நின்றாள். பக்கத்தில் வாயும் வயிறுமாக அவளுடைய தம்பி மனைவி. செல்லம்மா அவளுக்குப் பாடம் நடத்திக்கொண்டிருந்தாள். "ஏழுல பொறந்தவன்டி இவன், கல்லுக்குண்டு மாதிரி நிக்கிறான் பாரு. எட்டா இருந்தா தங்கியிருப்பானா? கொடும்பாளூருப் பக்கம் அந்தப் பொன்னழகு புள்ள தங்குச்சா? இந்தா நர்சம்மாவே நிக்கிறாங்க, கேளு."

செல்லம்மாவின் மகன் எட்டு மாதம். ஐந்து ராத்தல். இதே தராசில் நான்தான் நிறுத்தேன். என் பொய்யால் பிழைத்தவன் ஏழுக்குச் சாட்சி. என் உண்மையால் செத்தவன் எட்டுக்குச் சாட்சி. இரண்டு சாட்சியையும் ஜோடித்தவள் நான்.

எனக்குத் தாங்கவில்லை. "ஒம் மகன் எட்டு மாசத்துல பொறந்தவன் செல்லம்மா. அன்னைக்கு நான்தான் மாத்திச் சொன்னேன். நோட்டுல எட்டுன்னுதான் இருக்கு, வந்து பாரு" என்று சந்தை நடுவில் கத்தினேன்.

செல்லம்மா மகனைப் பின்னால் இழுத்துக்கொண்டாள். "வாயில நல்ல வார்த்தை வராதா ஒங்களுக்கு? நல்லா இருக்கிற புள்ளைய எட்டுங்கிறீக! நோட்டுல தப்பா எழுதியிருப்பீக." கடைக்காரன் சிரித்தான். சுற்றி நின்றவர்களும் சிரித்தார்கள். ஒரு பிள்ளை சாவதற்கு என் நோட்டை நம்பிய ஊர் அது.

அந்தத் தம்பி மனைவி மட்டும் சிரிக்கவில்லை. என் கையை இறுக்கிப் பிடித்துக்கொண்டாள். பொன்னழகு உன் கையைப் பிடித்த அதே பிடி. "எனக்கு இப்ப எட்டு நடக்குதுங்க. ரெண்டு நாளா இடுப்பு வலிக்குது. இப்பவே பொறந்துட்டா?"

அவளுக்குப் பின்னால் செல்லம்மா நின்றாள். வீட்டில் ஒரு மாமியாரும் ஒரு முறமும் இருக்கும்.

"யாருடி சொன்னா எட்டுன்னு? பாத்தாலே தெரியுது, ஒனக்கு ஏழுதான். வா விடுதிக்கு" என்றேன்.

"இப்பத்தான் சரியாச் சொல்றாங்க" என்றாள் செல்லம்மா.

இன்று காலையில் அவளுக்குப் பெண் பிறந்தது. புதுத் தராசில் இரண்டே கால் கிலோ. பாட்டிக்காரி பஞ்சு பிய்த்துக்கொண்டிருக்கிறாள். நோட்டில் எட்டு என்று எழுதி, அதைப் பெட்டியில் வைத்துப் பூட்டிவிட்டு, சாவியை முந்தானையில் முடிந்துகொண்டு இதை உனக்கு எழுதுகிறேன்.