பதினொரு பாகை வலப்புறம்

மார்ச் 3

இல்லை, கருவியில் பிழையில்லை. திரும்பத் திரும்ப வைத்துப் பார்த்துவிட்டேன். மிஹ்ராப் — இமாம் நின்று தொழுவிக்கும் அந்தக் குழிவான மாடம் — மேற்கே, சற்று வடக்காகப் பார்க்கிறது. மக்கா அங்கே இல்லை. பதினொரு பாகை வலப்புறம் இருக்கிறது.

முந்நூறு வருடப் பள்ளிவாசல். கட்டியவர்கள் கோடையில் சூரியன் மறையும் இடத்தைப் பார்த்துத் திசை வைத்திருக்கலாம். செல்போனில் சோதித்தவர்கள் உண்டு; ஒவ்வொரு போனும் ஒவ்வொரு பக்கம் காட்ட, சிரித்துவிட்டு விட்டுவிட்டார்கள். பழுதுபார்ப்புக்கு அளவு வரைபடம் வரையத்தான் என்னைக் கூப்பிட்டார்கள். யாரும் கேட்காததை அளந்துவிட்டேன்.

தூசி கழுவப் பெண்கள் பக்கத்துக் குழாயடிக்குப் போனேன். இரண்டு பேர் தொழுகைக்கு ஒளு செய்துகொண்டிருந்தார்கள். கை, வாய், முகம், கால் என்று அதே வரிசை. நான் கையை மட்டும் கழுவிக்கொண்டு வந்தேன். பல்கலைக்கழகம் போனதிலிருந்து நான் தொழுவதில்லை. ஏன் என்று வாப்பா கேட்டதில்லை. இந்தப் பள்ளியின் இமாமே அவர்தான்.

மார்ச் 4

வாயை மூடிக்கொண்டு இருந்திருக்கலாம். உம்மா வெங்காயம் நறுக்கும்போது சொல்லித் தொலைத்தேன்.

"ஐயையோ, இத்தனை நாளா நாங்க யார் வீட்டைப் பாத்துத் தொழுதோம்?" என்று சிரித்தாள். சிரித்த கையோடு தன் தம்பிக்குப் போன் போட்டாள்.

தம்பி என்றால் என் மாமா. பள்ளிவாசல் குழுத் தலைவர். பழையதை இடித்துவிட்டுப் பளிங்குத் தரை, ஏசி, இரண்டு மாடி என்று எழுப்ப வெகுகாலமாகக் காரணம் தேடுகிறவர்.

இனி தேட வேண்டாம்.

மார்ச் 5

மாமா வந்தார். செருப்பைக்கூடச் சரியாகக் கழற்றவில்லை.

"மருமகளே, நீ படிச்ச படிப்புக்கு இன்னிக்குத்தான் பிரயோஜனம்."

"பழுது பாக்கத்தானே மாமா என்னைக் கூப்பிட்டீங்க?"

"கோணப் பள்ளியைப் பழுது பாத்து என்ன பண்ண? வெள்ளிக்கிழமை குழு கூடுது. நீயே வந்து சொல்லிடு."

பொய் சொல்ல முடியாது. உண்மையைச் சொன்னால் சுவர் போய்விடும். உச்சி வெயிலிலும் கை வைத்தால் குளிர்ந்திருக்கும் சுவர்.

மார்ச் 6

வாப்பா சாப்பிடவில்லை.

மார்ச் 7

கடைசியில் கேட்டார். "உண்மைதானா?"

"ஆமா வாப்பா."

தஸ்பீஹ் மணி கையில் இருந்தது. உருட்டவில்லை. "எவ்வளவு வருஷமா முன்னாடி நிக்கிறேன். எனக்குப் பின்னாடி நின்னவங்களை எல்லாம் தப்பான பக்கம் நிக்க வெச்சுட்டேனா?"

"தூரத்துல இருக்கறவங்களுக்குத் திசை ஏறக்குறைய சரியா இருந்தாலே போதும்னு நீங்கதானே சொல்வீங்க?"

"சொல்லுவேன். ஊருக்கெல்லாம் சொல்லுவேன். எனக்குன்னு வரும்போது மனசு கேக்கல."

அவருக்குச் சந்தேகமே வராது என்று நினைத்துத்தான் இத்தனை நாள் அவரிடமிருந்து தள்ளி நின்றேனா?

மார்ச் 9, வெள்ளி

குழுவில் அளவைச் சொன்னேன். மாமா மேசையைத் தட்டினார். "கேட்டீங்களா? இடிக்கிறதைத் தவிர வழியில்ல."

வாப்பா தலை குனிந்திருந்தார். அதைப் பார்த்ததும் எனக்கு எங்கிருந்துதான் வந்ததோ —

"மாமா, நபி காலத்துல தொழுற திசை ஜெருசலேம்லேருந்து மக்காவுக்கு மாறுச்சே. ஒரு பள்ளியில ஜனங்க தொழுதுக்கிட்டு இருக்கும்போதே ஒருத்தர் வந்து அந்தச் சேதியைச் சொன்னார். அவங்க என்ன பண்ணாங்க?"

"திரும்பினாங்க."

"எப்ப?"

"தொழுகையிலயே. நின்ன இடத்துலயே."

"பள்ளியை இடிச்சுட்டா திரும்பினாங்க?"

பின்னால் யாரோ சிரித்தார். "இவளை வக்கீலுக்குப் படிக்க வெச்சிருக்கணும்" என்றார் மாமா.

வாப்பா நிமிர்ந்தார். குழுவை அல்ல, என்னைப் பார்த்துக் கேட்டார். "அதுக்கு முன்னாடி தொழுதது?"

"அல்லாஹ் அதை வீணாக்க மாட்டான்னு வசனமே இருக்கே, வாப்பா."

நம்பிச் சொன்னேனா, அவருக்காகச் சொன்னேனா? தெரியவில்லை. இப்போதும்.

சுவர் நிற்கும். வரிசைகள் திரும்பும். அதுதான் முடிவு.

மார்ச் 12

விரிப்புகளைச் சுருட்டிவிட்டு, சுண்ணாம்பு தடவிய நூலால் தரையில் சாய்வாகக் கோடு போட்டோம். மூலைகளில் முக்கோணமாக இடம் வீணாகிறது. "இதுல ஒரு ஆள் நிக்க முடியாது. என்னை மாதிரி ஆள்னா கேக்கவே வேண்டாம்" என்று மாமா தொப்பையைத் தட்டிப் புலம்பினார். நூலின் மறுமுனையைப் பிடித்திருந்தவரும் அவர்தான்.

வாப்பா மாடத்தில் போய் நின்றார். "சொல்லு."

"கொஞ்சம் வலப்பக்கம், வாப்பா. இன்னும் கொஞ்சம். போதும்."

மாடத்துக்குள் கோணலாக, பாதி பக்கச்சுவரைப் பார்த்தபடி நின்றார். "சரியா இருக்கா?"

"சரியா இருக்கு."

நண்பகல் தொழுகைக்குப் பாங்கு சொன்னார்கள். குழாயடிக்குப் போனேன். கையிலிருந்த சுண்ணாம்பைக் கழுவினேன். வாய் கொப்பளித்தேன். பிறகு முகம். முழங்கை வரை கைகள். ஈரக் கையால் தலை. கடைசியில் கால்.