கைக்கு வாகான பந்து

ஜூன் 8

காலையிலேயே வெயில் மண்டையைப் பிளக்கிறது. கிளினிக்கில் மூன்று பல் பிடுங்கினேன். மூன்றும் ஆம்பிளைகள், மூன்றும் அழுகை.

மாலை கிளப் கூட்டம். டென்னிஸ் கலப்பு இரட்டையர் கோப்பைக்கு எனக்கு ஜோடி இல்லை. கணவருக்கு இடுப்பு பிடித்துக்கொண்டது, சமயம் பார்த்துத்தான் பிடிக்கும். அந்தோணியோடு ஆடுகிறேன் என்றேன். எங்களுக்குப் பந்து அடித்துக் கொடுக்கக் கிளப் சம்பளத்துக்கு வைத்திருக்கும் மார்க்கர். திண்டுக்கல்லில் அவனை ஜெயிக்க ஆள் இல்லை. நாத்தனாரோடு ஜோடி சேர்ந்து ஆடும் அவள் புருஷன் எகிறினார்.

“நாம ஆசைக்கு ஆடுறோம். அவன் கூலிக்கு ஆடுறான். கூலிக்காரனுக்குக் கோப்பையா?”

ஆசைக்கு ஆடும் லட்சணம்! தொப்பை ஒரு பக்கம், பந்து ஒரு பக்கம். அவன் வேலையை விட்டுவிட்டால், என்றேன். அப்படியென்றால் ஆடலாம் என்று பெயரை எழுதிக்கொண்டார்கள்.

ஜூன் 9

புழுக்கம். முருங்கைக்காய் வாங்கணும். அந்தோணியிடம் ராஜினாமா எழுதிக் கொடுக்கச் சொன்னேன்.

“வீட்டுல ஒரு வார்த்த கேட்டுட்டு வாரேன் டாக்டரம்மா.”

“கோப்பை கைக்கு வந்ததும் திரும்பச் சேத்துவிடுறேன். நான் இருக்கேன்ல?”

மாலையே எழுதிக் கொடுத்துவிட்டான். நாத்தனார் முகம் போகப்போகிற போக்கை நினைத்தாலே இனிக்கிறது.

ஜூன் 15

இறுதி ஆட்டத்தில் நாத்தனார் ஜோடியிடம் தோல்வி. நாத்தனாருக்கு முழங்கால் மடங்காது, ஓட மாட்டாள். ஓரத்தில் அடித்தால் கதை முடிந்தது. இந்தப் பாவி ஒவ்வொரு பந்தையும் அவள் மட்டைக்கே கொண்டுபோய் வைத்தான். கத்தினேன். தலையாட்டினான். மறுபடி அதே. உறுப்பினர்களுக்கு வாகாகப் போட்டே பழகிய கை.

“வேணும்னு செய்யலம்மா. கை அதுவாப் போகுது.”

நாத்தனார் கோப்பையோடு வந்தாள். “மதினி, நான் இம்புட்டு நல்லா ஆடுவேன்னு எனக்கே தெரியாது!”

அப்படியென்றால் இத்தனை வருஷமாக அவனோடு நான் ஆடியது? நாளைக்குக் கிளினிக்கில் கூட்டம். தூங்க வேண்டும்.

ஜூன் 17

தூறல். பல்வலிக்காரர்களோடு அந்தோணியும் வரிசையில் உட்கார்ந்திருந்தான்.

“வேலைக்குச் சொல்றேன்னீகளேம்மா. சின்னவளுக்கு ஸ்கூல் தொறந்திருச்சு.”

“கோப்பை கைக்கு வந்தாத்தான்னு சொன்னேன். வந்துச்சா?”

போனான். அடுத்த ஆளைக் கூப்பிட்டேன்.

ஜூன் 20

நல்ல காற்று. புது மார்க்கர் வந்தாயிற்று, நத்தம் பக்கத்து ஆள். முதல் நாளே கண்டிப்பாகச் சொல்லிவிட்டேன்: “என் கைக்கு வாகாப் போடணும் தம்பி.”

போட்டான். ஒரு பந்துகூட நான் தவறவிடவில்லை. நாத்தனார் இதைப் பார்த்திருக்க வேண்டும்.