பச்சையம்மா அக்காவின் முகம்

ஏப்ரல் 11, 2005

காலை ஆறுக்கே சுள்ளென்று வெயில். முதல் பஸ்ஸில் மரக்காணம். உப்பளத்தில் மூன்று டேப். பச்சையம்மா அக்கா உப்பு வாரிக்கொண்டே பதினொரு நிமிடம் பேசினார், ஒரே ஷாட். என்ன பேசினார்? தெரியாது. காற்றில் மைக் ஒரே இரைச்சல், ஹெட்போனைக் கழுத்தில் இறக்கிவிட்டு ஃபிரேமையே பார்த்துக்கொண்டு ம் கொட்டினேன். உப்பின் வெள்ளை கீழிருந்து முகத்தில் அடித்தது. ஆறு வருடக் கல்யாண வீடியோவில் ஒருநாளும் கிடைக்காத வெளிச்சம்.

வாங்க வேண்டியது: டேப் 5, தொப்பி, தலைவலி மாத்திரை.

ஜூன் 2

புதுச்சேரியில் கண்காட்சி. அந்த ஷாட்டைச் சத்தமில்லாமல் ஓட்டினேன். 'உழைப்பின் மௌனம்' என்றார் தாடிக்காரர் ஒருவர். மைக் சொதப்பிய கதையைச் சொல்லவில்லை. தலையாட்டினேன். அக்கா முகத்தை ஒரு வாரப் பத்திரிகை அரைப் பக்கம் போடப்போகிறது. தலைகால் புரியவில்லை. அம்மாவுக்குப் போன்: இனி மண்டபம் மண்டபமாக அலைய மாட்டேன்.

ஜூன் 19

புழுக்கம். பத்திரிகை இரண்டு பிரதி, அரைக் கிலோ ஸ்வீட்டோடு உப்பளம். கை ஈரம் என்று அக்கா வாங்கவே இல்லை. பக்கத்துப் பாத்திக்காரர்தான் விஷயத்தைச் சொன்னார். அக்கா மகளுக்குக் கிளியனூரில் சம்பந்தம், நிலபுலம் உள்ள இடம். பெண்ணின் அம்மா வீட்டில்தான் இருக்கிறார், கூலிக்குப் போவதில்லை என்று சொல்லித்தான் பேசியிருக்கிறார்கள். சலூனில் கிடந்த பத்திரிகையில், உப்பளத்தில் நிற்கும் அக்காவை மாப்பிள்ளையின் அப்பாவே பார்த்துவிட்டார். நிச்சயத்துக்கு வர முடியாது என்று ஆள் விட்டுச் சொல்லிவிட்டார்களாம்.

"முன்னாடியே ஒரு வார்த்தை சொல்லியிருக்கலாமேக்கா" என்று கேட்டுவிட்டேன். இதை எழுதவே கூசுகிறது.

அக்கா நிமிர்ந்தார். "அன்னைக்கு அவ்ளோ நேரம் இன்னாத்தம்மா சொன்னேன்? கல்யாணம் முடியற வரைக்கும் மூஞ்சிய யாருக்கும் காட்டாதன்னுதான சொன்னேன். நீயும் சரிக்கான்னியே."

கோபமாகக்கூடச் சொல்லவில்லை. உப்பு வாரும் பலகையை எடுத்துக்கொண்டு அடுத்த பாத்திக்குப் போய்விட்டார். ஸ்வீட் டப்பாவை பஸ்ஸிலேயே விட்டுவிட்டு இறங்கினேன்.

ஜூன் 20

டேப் 2. ஹெட்போனைக் காதோடு அழுத்தி நாலு தடவை. முழுக்கக் காற்று. நடுநடுவே 'பொண்ணு', 'கிளியனூரு', 'மூஞ்சி'. ஏழாவது நிமிடம், கேமராவுக்குப் பக்கத்தில், தெளிவாக என் குரல்: "சரிக்கா. கொஞ்சம் இப்படித் திரும்புங்க." அக்கா திரும்புகிறார். முழு முகம். நம்பித் திரும்பியிருக்கிறார்.

அம்மா போன், எடுக்கவில்லை. வெட்கமாக இருக்கிறது, வேறு வார்த்தை இல்லை.

ஜூன் 23

மழை வரும்போல் இருந்தது, வரவில்லை. காயப்போட்ட துணியை எடுக்கும்போது டெல்லியிலிருந்து போன். பெரிய கண்காட்சியாம், தனி அறை தருகிறார்களாம். மற்றதெல்லாம் வேண்டாம், அந்த முகம் மட்டும் போதுமாம். அதைத் தர முடியாது என்று சொல்ல வாயெடுத்தேன்.

எந்த ஃபார்மட்டில் அனுப்ப வேண்டும் என்று கேட்டேன்.