ஜனவரி முடியும் வரை

ரெக்ஸ்டேல், டொரான்டோ
நவம்பர் 9

டேய் ரான்கோ,

நலமா என்று கேட்க மாட்டேன். கிரேன் கம்பெனியில் வரைபடம் போட்டுக்கொண்டிருந்தவனை இழுத்து மறுபடியும் கையில் கூடைப்பந்தைக் கொடுத்திருக்கிறேன். நலமாக இல்லையென்றால் உதைப்பேன்.

அறுவை சிகிச்சை முடிந்தது. இடது கணுக்காலில் அறுந்த தசைநாரைத் தைத்துவிட்டார்கள். காலைத் தலையணை மேல் வைத்துக்கொண்டு அம்மாவின் திட்டை வாங்கிக்கொண்டு கிடக்கிறேன். ஜனவரி கடைசியில் ஆடலாம் என்கிறார் மருத்துவர். அதுவரை என் இடத்தில் நீ. உன் பெயரைச் சொன்னதும் கோச் தபானி இழுத்தார். "ஆட்டத்த விட்டுட்டு ஆபீஸ் போயிட்டாருன்னு சொன்னியேப்பா?" என்றார். "கோடையில எங்க ஊர் லீக்ல ஆடிக்கிட்டுத்தான் இருக்கான் கோச். ஓட்டம் மெதுவு, ஆனா எங்க நிக்கணும்னு தெரிஞ்சவன். வாய்தான் மோசம்" என்றேன். "வாய் பரவால்ல, இங்க யாரும் பேசறதில்ல" என்றார்.

கணக்கு உனக்குத் தெரியும். கிளப்புக்கு இத்தனை வெளிநாட்டுக்காரர்தான் என்று லீக்கில் வரம்பு. நான் படுத்ததால் ஒரு நாற்காலி காலி. நான் எழுந்து வந்தால் நீ எழுந்துகொள்ள வேண்டும். அதற்குள் வசதியாக உட்கார்ந்துவிடாதே.

கிளப் கொடுத்த காரை இரவில் மறக்காமல் மின்சாரத்தில் மாட்டிவை. இல்லாவிட்டால் எஞ்சின் குளிரில் உறைந்து காலையில் எழுந்திருக்காது. லிஃப்டில் யாரிடமும் பேச்சுக் கொடுக்காதே, பயந்துவிடுவார்கள். எனக்குப் போன் செய்யாதே, மின்னஞ்சலில் எழுது. போனில் நீ கத்துவாய். எழுதும்போதாவது கொஞ்சம் யோசிப்பாய்.

உன்னைவிட அழகான,
கோஜோ

ஹார்யுவேசி, பின்லாந்து
நவம்பர் 22

கோஜோ,

உன் கட்டில் குட்டை. கால் வெளியே தொங்குகிறது. உன் ஃபிரிட்ஜில் ஒரு டப்பா இருந்தது. அதற்குள் என்ன இருந்தது என்று உன் அம்மாவாலும் கண்டுபிடிக்க முடியாது. எறிந்துவிட்டேன். காரை மாட்டிவைக்கிறேன்.

இரண்டு ஆட்டம் ஆடியாயிற்று. முதலாவது தோல்வி, அதில் பாதி என்னால். பின்னால் ஓடிவர மூச்சு இல்லை. இரண்டாவதில் ஜெயித்தோம். நான் பந்தைப் போட்டபோதெல்லாம் கூட்டம் "கோஜோ! கோஜோ!" என்று கத்தியது. நான் வெள்ளைக்காரன், உன்னைவிட ஒரு பிடி உயரம், தலையில் முடி இருக்கிறது. இருந்தும் கத்தினார்கள். நம் கேப்டன் ஏத்து தோளில் தட்டி, "கோவிச்சுக்காதப்பா. பழக்கதோஷம். உன் பேரு அவங்களுக்கு இன்னும் வாயில நுழையல" என்றான். கோபமில்லை, உண்மையைத்தான் கத்துகிறார்கள். நான் உன் இடத்தில் நிற்கிறேன்.

ஆட்டம் முடிந்து வரும்போது டிராஃப்ட் இரவு ஞாபகம் வந்தது. அமெரிக்கக் கிளப்புகள் புது ஆட்டக்காரர்களைத் தேர்ந்தெடுத்து ஒவ்வொரு பெயராகக் கூப்பிட, ஹாமில்டனில் எங்கள் வீட்டு நிலவறையில் டிவி முன்னால் நீயும் நானும். அப்பா ஒரு முழு ஆட்டைச் சுட்டு வைத்திருந்தார். கடைசிப் பெயரும் போனது, நம்முடையது இல்லை. யாரும் தட்டைத் தொடவில்லை. அப்பாதான், "சாப்பிடுங்கடா. அவனுங்க கூப்பிடலன்னா ஆடு என்னடா பண்ணும்?" என்றார். அடுத்த நாளே நீ கிளம்பினாய். கோடை முகாம், அங்கே கழித்துவிட்டார்கள். ஐஸ்லாந்து, ஸ்லோவாக்கியா, மறுபடி ஐஸ்லாந்து, பிறகு இங்கே. நான் ஒரே ஒரு குளிர்காலம் ருமேனியாவில் பெஞ்சைத் தேய்த்துவிட்டு வரைபட மேசைக்கு ஓடிவிட்டேன். நீ முட்டாள் என்று எல்லோரிடமும் சொன்னேன். உன்னிடமும் சொன்னேன்.

திருத்தம்: முட்டாள் நான். காலையில் எழுந்தால் உடம்பில் வலிக்காத இடமில்லை, ஆனால் எங்கே போகிறேன் என்று தெரிந்து எழுந்திருக்கிறேன். கிரேன் கம்பெனியில் பிப்ரவரி வரை விடுப்பு.

கால் எப்படி? வீக்கத்தை அளந்து எழுது. "பரவாயில்லை" என்று எழுதாதே. அது அளவு இல்லை.

ரான்கோ

ரெக்ஸ்டேல்
டிசம்பர் 14

என் அன்புக்குரிய வாய்க்கொழுப்பனுக்கு,

வீக்கம் வடிந்துவிட்டது. அளக்கவில்லை. என் அம்மாவிடம் அளவுநாடாவைக் கொடுத்தால் சட்டை தைக்க ஆரம்பித்துவிடுவாள். "அந்த நெட்டக்கொக்கு அங்க ஒழுங்கா திங்குதா?" என்று தினமும் கேட்கிறாள். மீன் சூப்பு குடிக்கிறாய் என்றேன். "சூப்பக் குடிச்சா அந்த ஒடம்பு நிக்குமாடா? கடலக் கொழம்பு எப்படி வெக்கறதுன்னு சொல்லித்தரேன், கூப்பிடச் சொல்லு" என்றாள். கூப்பிடு, இல்லாவிட்டால் என் காது போய்விடும்.

ஆட்டங்களை எல்லாம் பார்க்கிறேன். இங்கே மத்தியானம், அம்மா வேலைக்குப் போயிருப்பாள், நானும் லேப்டாப்பும். போன சனிக்கிழமை கடைசி நிமிடத்தில் தபானி கையைத் தூக்கிக் காட்டினாரே ஒரு நகர்வு, மூலையிலிருந்து சுற்றி வந்து வளையத்துக்கடியில் பந்து வாங்குவது, அது எனக்காக அவர் போட்டது. அதை உனக்கு ஓடவிட்டார். நீயும் போட்டாய். ஜெயித்தீர்கள். நான் எழுந்து போய்ப் பாத்திரம் கழுவினேன்.

நன்றாக ஆடாதே என்று சொல்ல எனக்கு வாய் வராது. ஆனால் எழுதச் சொன்னது நான்தானே, எழுதிவிடுகிறேன்: கொஞ்சம் குறைவாக நன்றாக ஆடு.

வரும் மார்ச்சில் எனக்கு முப்பது. நம்மைப் போலக் கூப்பிடப்படாதவன் ஒரு பருவம் முழுக்க உட்கார்ந்தால் அவனை யாருக்கும் ஞாபகம் இருக்காது. என் ஏஜென்ட் இப்போதே போனை எடுப்பதில்லை. நீ திரும்பிப் போக ஒரு மேசை இருக்கிறது, ரான்கோ. எனக்கு இது மட்டும்தான்.

குதித்துப் பார்த்தேன். வீடியோ அனுப்பியிருக்கிறேன். உனக்கு மட்டும். நன்றாக இருக்கிறதா என்று சொல். நன்றாகத்தான் இருக்கிறது.

பாசத்துடன்,
கோஜோ

ஹார்யுவேசி
டிசம்பர் 18

கோஜோ,

வீடியோவை நிறுத்தி நிறுத்தி ஓட்டிப் பார்த்தேன். நன்றாக இல்லை.

மேலே போவது சரி. கீழே வருவதுதான் பிரச்சினை. ஒவ்வொரு முறையும் வலது கால் முதலில் தரையைத் தொடுகிறது. இடது கால் பின்னால் வந்து ஒட்டிக்கொள்கிறது. உன் மொத்த எடையும் ஒரு கணம் வலது முழங்காலில் நிற்கிறது. நீ தெரிந்து செய்யவில்லை, உடம்பு இடது காலை நம்பவில்லை. ஆட்டத்தில் ஒருவன் மேலே விழும்போது எந்தக் காலில் இறங்குவது என்று தேர்வு செய்ய முடியாது. தைத்த இடம் போகும், அல்லது வலது முழங்கால் போகும்.

இன்னும் இரண்டு மாதம் ஆகும். படி ஏறாதே, இறங்கு. ஒற்றைக் காலில், மெதுவாக. தினமும் வீடியோ எடு.

உன் அம்மாவைக் கூப்பிட்டேன். கடலைக் குழம்பு வைத்தேன். அடிப்பிடித்தது. ஏத்து மூன்று தட்டு தின்றான்.

குறைவாக ஆடச் சொல்கிறாய். எனக்கு அப்படி ஆடத் தெரியாது.

ரான்கோ

ரெக்ஸ்டேல்
ஜனவரி 4

ரான்கோ,

புத்தாண்டு வாழ்த்து. உன் கடிதத்தைப் படித்துவிட்டுப் பதில் எழுத இத்தனை நாள் ஆனது. உடனே எழுதியிருந்தால் அசிங்கமாக இருந்திருக்கும்.

மருத்துவர் நேற்றுப் பார்த்தார். ஆடலாம் என்று எழுதிக் கொடுத்துவிட்டார். அவர் படித்தது கால். நீ படித்தது கிரேன். தபானிக்கு அனுப்பிவிட்டேன். இருபத்துநான்காம் தேதி விமானம், கிளப்பே எடுத்துவிட்டது. வந்து ஒரு வாரம் பயிற்சி, முதல் தேதி முதல் நான். விமான நிலையத்துக்குக் காரைக் கொண்டுவா. ஒருநாள் சேர்ந்து சுற்றுவோம், பிறகு உன்னை நானே ஏற்றிவிடுகிறேன்.

அம்மா என் கோட்டின் கிழிசலைத் தைத்துவிட்டாள். "இந்தத் தடவையாவது முழுசா திரும்பி வாடா" என்கிறாள். சந்தோஷமாக இருக்கிறேன், அதைக் கெடுக்காதே.

கோஜோ

ஹார்யுவேசி
ஜனவரி 12

கோஜோ,

தபானி நாளை உன்னைக் கூப்பிடுவார். அதற்கு முன் இதைப் படித்துவிடு.

நேற்று ஆட்டம் முடிந்து எல்லோரும் சவுனாவின் நீராவியில் உட்கார்ந்திருந்தோம். ஒவ்வொருவராக எழுந்து போனார்கள். தபானி போகவில்லை, என்னையும் இருக்கச் சொன்னார். சூடான கல்லில் தண்ணீர் ஊற்றினார். பிறகு கேட்டார்.

"கோஜோ ரெடியாப்பா?"

"அவனக் கேளுங்க."

"அவன் என்னிக்குமே ரெடிதான். கட்டுப் போட்டுக்கிட்டுக் கெடந்தப்பவே ரெடின்னான். நான் உன்னக் கேக்கறேன்."

"டாக்டர் எழுதிக் குடுத்திருக்காரே."

"டாக்டரா வந்து ஆடப் போறாரு? நீ அவன் குதிக்கிறதப் பாத்தியா?"

"பாத்தேன்."

"என்ன பாத்த?"

சவுனாவுக்குள் இவர்கள் பொய் சொல்வதில்லை, பாதி உண்மையும் சொல்வதில்லை. நீயே எனக்குச் சொன்னதுதான். அம்மணமாக உட்கார்ந்துகொண்டு எங்கே ஒளிவது?

"வலது கால்லதான் எறங்கறான். எடது கால் இன்னும் அவனோடது ஆகல" என்றேன்.

"சரி" என்றார். இன்னொரு முறை தண்ணீர் ஊற்றினார். "நீ சீசன் முடியற வரைக்கும் இருப்பியா?"

"இருப்பேன்" என்றேன்.

உன் டிக்கெட்டை இன்று காலை ரத்து செய்துவிட்டார்கள்.

சுற்றி வளைக்க எனக்கு வராது. நீ இங்கே வந்து ஆடியிருந்தால் உன் கால் போயிருக்கும். அதனால் சொன்னேன். எனக்கு இங்கே இருக்க வேண்டும். அதனாலும் சொன்னேனா? இரவெல்லாம் யோசித்தேன். இரண்டில் எது எவ்வளவு என்று பிரித்து அளக்க என்னிடம் கருவி இல்லை. ஆனால் சொன்ன சொல் உண்மை. மறுபடி கேட்டாலும் அதையேதான் சொல்வேன்.

திட்டி எழுது.

ரான்கோ

ஹார்யுவேசி
பிப்ரவரி 6

கோஜோ,

மூன்று கடிதம் போட்டுவிட்டேன், இது நான்காவது. போன் செய்தேன். உன் அம்மா எடுத்தாள். "தூங்கறான்பா" என்றாள். அங்கே மத்தியானம். பின்னால் நீ இருமுவது கேட்டது.

முதல் தேதி கையெழுத்துப் போட்டேன். மே வரை. கிரேன் கம்பெனிக்கு எழுதிவிட்டேன், அந்த மேசையை வேறு யாருக்காவது கொடுக்கட்டும் என்று. நீ சொன்ன அந்த மேசை இப்போது எனக்கும் இல்லை. இதைச் சமாதானமாகச் சொல்லவில்லை, தகவல்.

இப்போது கூட்டம் என் பெயரைக் கத்துகிறது. தப்பாகத்தான் கத்துகிறார்கள், ஆனால் என் பெயர். உனக்கு இதை எழுதலாமா என்று யோசித்தேன். எழுதாமல் விட்டால் அதுவும் பொய் மாதிரி இருக்கிறது.

பொய் சொல்லியிருக்க வேண்டும் என்று நினைக்கிறாயா? ஆமா என்று எழுது, இல்லை என்று எழுது. சும்மா இருக்காதே. எனக்குப் பொறுமை கிடையாது, உனக்குத் தெரியும்.

ரான்கோ

ரெக்ஸ்டேல்
மார்ச் 3

ரான்கோ,

உன் கணக்கு சரி. அதை முதலில் எழுதிவிடுகிறேன், நீ காத்திருப்பாய்.

வேறொரு மருத்துவரிடம் போனேன். படம் எடுத்தார். தைத்த இடம் பாதி விட்டுப்போயிருக்கிறது. அங்கே போய் ஆடியிருந்தால் முதல் வாரத்திலேயே மொத்தமும் போயிருக்கும் என்றார். ஏப்ரலில் மறுபடி அறுவை. அதற்கப்புறம் ஆடுவது பற்றிக் கேட்டேன். அவர் என் வயதைக் கேட்டார். அவ்வளவுதான் பேசினோம்.

அதனால் என் காலைக் காப்பாற்றியவன் நீ. நன்றி. விளையாட்டுக்குச் சொல்லவில்லை.

அம்மா விடவில்லை. "அந்தப் புள்ள நல்லதுதானடா பண்ணுச்சு? அதுக்கு ஏன்டா மூஞ்சியத் தூக்கி வெச்சிருக்க?" என்கிறாள். அவளிடம் சொல்லத் தெரியவில்லை. உன்னிடம் சொல்லிப் பார்க்கிறேன்.

பொய் சொல்லியிருக்க வேண்டுமா என்று கேட்டிருந்தாய். வேண்டாம். தபானி கேட்டதும் "அவனைக் கேளுங்கள்" என்றாயே, அங்கேயே நின்றிருக்கலாம். டாக்டர் பேச்சை எடுக்காமல், நான் குதித்ததைப் பார்த்தாயா என்பதற்கும் பதில் சொல்லாமல், மறுபடியும் மறுபடியும் அவனைக் கேளுங்கள் என்றே சொல்லியிருக்கலாம். அவர் மறுநாள் என்னைக் கூப்பிட்டுக் கேட்டிருப்பார். நான் புளுகுவேன் என்று நீ முடிவு செய்துவிட்டாய். புளுகியிருக்கலாம். உன் டிசம்பர் கடிதம் வந்த அன்றே கீழ்ப்படியில் ஒற்றைக் காலில் இறங்கிப் பார்த்தேன். இறங்க முடியவில்லை. அதை யாரிடமும் சொல்லவில்லை. டிக்கெட் வந்த பிறகு தினமும் ராத்திரி, தபானியிடம் எப்படிச் சொல்வது என்று சொல்லிப் பார்த்துக்கொண்டிருந்தேன். "கோச், கால் ஆகல. ரான்கோவையே வெச்சுக்கோங்க." சில நாள் வாய்விட்டே சொன்னேன்.

போனில் அவர் கேட்டால் அதைச் சொல்லியிருப்பேனா, வேறு எதையாவது சொல்லியிருப்பேனா, எனக்குத் தெரியாது. நான் எப்பேர்ப்பட்டவன் என்று நானே தெரிந்துகொள்ள ஒரே ஒரு சமயம் வந்தது. அதிலும் எனக்குப் பதிலாக நீ ஆடிவிட்டாய்.

சனிக்கிழமை ஆட்டத்தில் எதிரணிக்காரர்கள் உன்னை இடது பக்கமே தள்ளப் பார்ப்பார்கள், அங்கே இரண்டு பேர் காத்திருப்பார்கள். போகாதே.

இதற்குப் பதில் எழுத வேண்டாம்.

கோஜோ அமான்குவா